கப்பலேறிப் போன பெட்டியும் முப்பத்தோரு விளையாட்டும்

அன்புள்ள கனிக்கு,

உன் கல்யாணத்துக்குப் பதினாறு நாள் இருந்தபோது, டவுனில் ஒரு கம்ப்யூட்டர் ரிப்பேர் கடையில், நாலு பேர் முன்னால் உன் அப்பா கேட்ட கேள்வியை முதலில் சொல்லிவிடுகிறேன். வேறு யாராவது உன்னிடம் சொல்வதற்கு முன் நானே சொல்லிவிடுவது எனக்கு மரியாதை. உன் பழைய கேம் பெட்டியைக் கொண்டுபோய் மேசைமேல் வைத்து, "டீச்சர், இதக் கழத்திப் பாருங்க. எம்மவ விளையாட்டு ஒண்ணு ரெண்டாவது உள்ள எங்கயாவது ஒரு மூலையில ஒட்டிக்கிட்டுக் கெடக்கும்" என்றேன். அந்தக் கடையை நடத்துகிற ஜெபராணி டீச்சர் நாசரேத்துப் பக்கம் பள்ளிக்கூடத்தில் கம்ப்யூட்டர் சொல்லிக்கொடுத்து ரிட்டயர் ஆனவர்கள். கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கி என்னைப் பார்த்தார்கள். "அண்ணாச்சி, இது என்ன புளிக்கொழம்புச் சட்டியா, அடியில ஒட்டிக்கிட்டு இருக்கதுக்கு?" என்றார்கள். லேப்டாப்போடு நின்றிருந்த ஒருவர் வாசலுக்குப் போய், ஆசைதீரச் சிரித்துவிட்டுத் திரும்பி வந்தார். பத்தாம் வகுப்பை இரண்டு தடவை எழுதியவன் நான். வாத்தியார்கள் முன்னால் முழிப்பது எனக்குப் பழக்கம்தான். ஆனால் ஐம்பத்தெட்டு வயதில், மீசை நரைத்த பிறகு முழிப்பது கொஞ்சம் புதுசாக இருந்தது.

நீ ஆறுமுகநேரிக்குப் போய் இன்றோடு பத்து நாள். தினமும் போனில் பேசத்தான் செய்கிறோம். சாப்பிட்டியா, மாப்பிள்ளை வேலைக்குப் போயாச்சா, அங்கே தண்ணி உப்பா என்று கேட்கிறேன். அதற்குமேல் எனக்கு வாய் வருவதில்லை. நம் வியாபாரிகள் சங்கத்து ஆண்டு மலருக்கு எதாவது எழுதிக் கொடுங்கள் அண்ணாச்சி என்று ஒரு மாதமாகக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். வழக்கமாக விளம்பரம் கொடுத்துவிட்டுத் தப்பித்துக்கொள்வேன். இந்த வருஷம் விளம்பரத்துக்குப் பதில் இந்தக் கடிதத்தைக் கொடுக்கிறேன். ஊர் படிக்கட்டும் என்றுதான். நான் சொன்ன பொய்யை நாலு பேர் நடுவில் உட்கார்ந்து சொன்னேன். உண்மையை மட்டும் உன் காதில் ரகசியமாகச் சொன்னால் அது நியாயமாகாது.

ஆறு வருஷத்துக்கு முந்திய அந்த ஞாயிற்றுக்கிழமை உனக்கு மறந்திருக்காது. பத்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கணக்கு டியூஷன் எடுத்து, அந்தச் சம்பாத்தியத்தில் நீயாக வாங்கிய பெட்டி அது. நம் வீட்டில் அதற்குமுன் யாரும் வெறும் சந்தோஷத்துக்காக மட்டும் ஒரு பொருள் வாங்கியதில்லை. மிக்சி வாங்கினோம், இன்வெர்ட்டர் வாங்கினோம், கடைக்கு வேன் வாங்கினோம். விளையாடுவதற்கென்று நீதான் முதலில் வாங்கினாய். அதற்கு டிஸ்க்கும் கிடையாது, நீ கடைக்குப் போய் எதுவும் வாங்கி வரவும் இல்லை. எல்லாம் ஆகாயத்தில் இருந்து இறங்குகிறது என்று நீ சொன்னபோது, பெட்டிக்குள் போய் உட்கார்ந்துகொள்கிறது என்று நானாக ஒரு கணக்குப் போட்டுக்கொண்டேன். அந்த ஞாயிற்றுக்கிழமை உன்னைப் பார்க்க முதல் வரன் வந்தது. அவசரத்தில் டிவியை அணைக்க மறந்துவிட்டோம். திரையில் ஒருத்தி பனிமலையில் குதிரைமேல் வாளை ஓங்கியபடி அசையாமல் நின்றாள். மாப்பிள்ளையின் பெரியப்பா அவளையே பார்த்துக்கொண்டு, "இது யாரு விளையாடுதது?" என்று கேட்டார். நான் கொஞ்சமும் யோசிக்கவில்லை. "பக்கத்து வீட்டுப் பயலோடது. இங்கன வச்சுட்டுப் போயிருக்கான். நம்ம பிள்ள இதெல்லாம் தொடவே செய்யாது" என்றேன். காபித் தட்டோடு நீ வாசல்படியில் நின்றாய். ஒரு சொட்டு சிந்தாமல் கொண்டுவந்து கொடுத்தாய். அவர்கள் போன பிறகு டம்ளர்களை எடுத்துக்கொண்டே நீ கேட்டது ஒன்றே ஒன்றுதான். "எப்பா, எந்தப் பக்கத்து வீடு? இந்தப் பக்கம் ரெண்டு பாட்டியும் ஒரு பூனையும்தான இருக்காவ. அந்தப் பக்கம் காலி மனை."

உன் அம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன். நீயும் சிரித்தாய் என்றுதான் அன்றைக்கு நினைத்தேன். அந்த வரன் ஜாதகம் ஒத்துவரவில்லை என்று நாலாம் நாள் சொல்லியனுப்பினார்கள். ஆக, நான் சொன்ன பொய்யால் ஒரு பிரயோஜனமும் இல்லை. புத்தியுள்ளவனாக இருந்தால் அத்தோடு நிறுத்தியிருப்பேன். நான் அடுத்த காரியத்தையும் செய்தேன்.

நீ கோயம்புத்தூருக்கு மூன்று வாரம் வேலைப் பயிற்சிக்குப் போயிருந்தாய். நீ வந்ததும் அடுத்த வரன் வருவதாக ஏற்பாடு. பெட்டி டிவிக்கு அடியில் இருந்தால் நான் மறுபடியும் பக்கத்து வீட்டுக்கு ஒரு பையனைப் பெற்றெடுக்க வேண்டியிருக்குமே என்று, அதைக் கடை குடோனில் ஒளித்து வைக்க வேனில் எடுத்துப் போட்டேன். அன்றைக்குத் துறைமுகத்தில் மரத்தடிகள் ஏற்றி வந்த ஒரு கப்பலுக்கு நம் கடைச் சரக்கு. அரிசி, வெங்காயம், முட்டை, கோழி. இறக்கும்போது அந்தக் கப்பலின் சமையல்காரர், பிலிப்பைன்ஸ்காரர், வேனுக்குள் தலையை விட்டுப் பெட்டியைப் பார்த்துவிட்டார். "பாஸ்! கேம்!" என்று அவர் முகம் மலர்ந்ததைப் பார்த்தால் நீயும் கொடுத்திருப்பாய். எட்டு மாதம் கடலில் இருக்கிற மனுஷன். "டேக், டேக்" என்றேன். அவர் உள்ளே ஓடிப்போய் ஒரு டின் சாக்லேட் கொண்டுவந்து என் கையில் திணித்தார். அந்தச் சாக்லேட்டை இரண்டாவது வரனுக்குத் தட்டில் வைத்துக் கொடுத்தோம். அவர்களும் சாப்பிட்டுவிட்டு ஜாதகம் ஒத்துவரவில்லை என்றார்கள்.

நீ ஊருக்கு வந்து, டிவிக்கு அடியில் தூசி நடுவே சதுரமாகச் சுத்தமாக இருந்த இடத்தைப் பார்த்தாய். "எங்கப்பா?" என்றாய். "கப்பல்ல ஒரு குக்கு ரொம்ப ஆசைப்பட்டான், குடுத்துட்டேன்." நீ கத்துவாய் என்று பார்த்தேன். "கப்பல் எந்த ஊருக்குப் போகுதாம்?" என்று கேட்டாய். தெரியாது என்றேன். "சரி, அதாவது ஊர் சுத்திப் பார்க்கட்டும்" என்றாய். அந்தப் பயிற்சி நாட்களில் நீ போனில் என்னிடம், "எப்பா, உங்களுக்கு ஒண்ணு வச்சிருக்கேன், வந்து காட்டுதேன்" என்று சொல்லியிருந்தாய். பேச்சை மாற்றத் தோதாக, "எனக்கு என்னமோ வச்சிருக்கேன்னியே, எங்க, ஏளா?" என்று கேட்டேன். நீ ஒரு நிமிஷம் பையையே பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு, மைசூர்பா டப்பாவை எடுத்துக் கொடுத்தாய். "இதாம்ப்பா" என்றாய். நான் நின்றவாக்கில் நாலு துண்டு தின்றேன்.

அதற்குப் பிறகு கோயம்புத்தூரிலேயே வேலை என்று போய்விட்டாய். சம்பாதித்தாய். அம்மாவுக்கு வாஷிங் மெஷின் வாங்கினாய், எனக்கு மூட்டுக்குப் பெல்ட் வாங்கினாய். உனக்கென்று இன்னொரு விளையாட்டுப் பெட்டி வாங்கவே இல்லை. ஒவ்வொரு பொங்கலுக்கும் வந்து அதே சோபாவில், அதே டிவிக்கு முன்னால் உட்கார்ந்து, அம்மா பார்க்கிற எதையோ நீயும் பார்த்தாய். பிடித்ததா என்று கேட்டால் தலையாட்டினாய். எனக்கு அதுதான் உறுத்தியது. திட்டியிருந்தால் மறந்திருப்பேன். போன வருஷம் இந்த மாப்பிள்ளை உனக்கும் பிடித்து, இரண்டு வீட்டுக்கும் பிடித்து, தேதி குறித்தபோது நான் மனதுக்குள் ஒரு முடிவுக்கு வந்தேன். நீ இந்த வீட்டைவிட்டுப் போகும்போது உன் விளையாட்டுகள் எல்லாம் உன்னோடு போக வேண்டும். புதுசு வாங்கிக் கொடுத்தால் அது நான் கொடுத்ததாகிவிடும். நீ வாங்கியது, நீ வாங்கியபடியே வர வேண்டும். அது அந்தப் பெட்டிக்குள் இருக்கிறது, பெட்டி கப்பலில் இருக்கிறது. ஆகவே கப்பலைப் பிடிக்க வேண்டும். துறைமுகத்தில் முப்பது வருஷம் கழித்தவனின் மூளை இப்படித்தான் வேலை செய்யும், நீ சிரிக்காதே.

உலகத்துக் கப்பல்களையெல்லாம் சின்னச் சின்ன அம்பாகக் காட்டுகிற ஆப் ஒன்று உண்டு. நாங்கள் எந்தக் கப்பல் எப்போது வரும் என்று அதில்தான் பார்ப்போம். கல்யாணத் தேதி குறித்த நாளிலிருந்து நான் அந்த ஒரு கப்பலைப் பார்த்தேன். பர்மா போனது, விசாகப்பட்டினம் போனது, ஆப்பிரிக்கா போய் ஒரு மாதம் அங்கேயே நின்றது. இரண்டு தடவை நம் கடலைத் தாண்டிக் கொழும்புப் பக்கம் போனபோது போனைப் பார்த்து, "ஏலே, இங்கன திரும்புலே" என்று கத்தியிருக்கிறேன். கடையில் எல்லாரும் கிரிக்கெட் என்று நினைத்துக்கொண்டார்கள். கல்யாணத்துக்கு இருபது நாள் இருக்கும்போது அது நம் துறைமுகத்துக்கே திரும்பியது. சரக்கு ஆர்டர் வேறொருவருக்குப் போயிருந்தது. அவர் கையைக் காலைப் பிடித்து வாங்கி, முட்டி பெல்ட்டைக் கட்டிக்கொண்டு ஏணியில் ஏறினேன்.

பழைய சமையல்காரர் ஊருக்குப் போய் வருஷக்கணக்காகிவிட்டது. இப்போது இருப்பவர் வேறு ஆள், ஆனால் அதே சிரிப்பு. அவரிடம் "பாக்ஸ், கேம், மை டாட்டர்" என்று கையால் சதுரம் போட்டுக் காட்டினேன். மனுஷன் என்னை அவர்கள் சாப்பிடுகிற அறைக்குக் கூட்டிப்போனார். கனி, அங்கே டிவிக்கு அடியில் உன் பெட்டி இருந்தது! நீ மூலையில் ஒட்டிய மஞ்சள் ஸ்டிக்கர் பாதி உரிந்து அப்படியே இருந்தது. நாலைந்து பேர் கால்பந்து ஆடிக்கொண்டிருந்தார்கள். ஆறு வருஷமாக அது கப்பல் சொத்து. ஒருவர் இறங்கிப்போனால் அடுத்தவர் கையில் கொடுத்துவிட்டுப் போவார்களாம். எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் நடந்ததைச் சொன்னேன். முழுக்கப் புரிந்ததா தெரியவில்லை, "டாட்டர் மேரேஜ்" மட்டும் நன்றாகப் புரிந்தது. ஆட்டத்தைப் பாதியில் நிறுத்திவிட்டுக் கழற்றிக் கொடுத்துவிட்டார்கள். நான் சும்மா வாங்குவேனா? அன்று சாயங்காலமே மைக் வைத்துப் பாடுகிற கரோக்கி செட் ஒன்றை வாங்கிக்கொண்டுபோய்க் கொடுத்தேன். நான் ஏணியில் இறங்கி முடிக்கும்முன் மேலே பாட்டு ஆரம்பித்துவிட்டது.

ஜெயித்துவிட்டேன் என்று நினைத்து வீட்டில் கொண்டுவந்து மாட்டினேன். உள்ளே அந்தக் கால்பந்து ஆட்டம் ஒன்றைத் தவிர வேறெதுவும் இல்லை. முதல் சமையல்காரர் அன்றைக்கே எல்லாவற்றையும் துடைத்துவிட்டுப் புதுசாக ஆரம்பித்திருக்கிறார். அதில் அவர்மேல் என்ன தப்பு? கொடுத்தவன் நான். அன்றைக்குச் சாப்பாடு எனக்கு இறங்கவில்லை. மறுநாள் காலையில்தான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு டீச்சர் கடைக்குப் போய், மூலையில் ஒட்டிக்கொண்டிருக்கும் என்று கேட்டு மாட்டிக்கொண்டேன்.

டீச்சர் சிரித்தாலும் கைவிடவில்லை. பெட்டியைத் திறந்து, ஃபேனில் அப்பியிருந்த உப்புத் தூசியைச் சுத்தம் செய்துகொண்டே கேட்டார்கள். "அண்ணாச்சி, கப்பல்ல வார சரக்குக்கு யாரு சொந்தக்காரன்? கப்பல்காரனா?" "இல்ல டீச்சர். பில்லு யாரு பேர்ல இருக்கோ அவன்." "கப்பல் முங்கிப் போச்சுன்னா பில்லும் முங்கிருமா?" "அது எப்படி முங்கும், ஆபீஸ்லல்லா இருக்கு." "அவ்வளவுதான். உங்க மக வாங்குனது அவ அக்கவுண்ட்ல அவ பேர்ல இருக்கு. இந்தப் பெட்டி போனா இன்னொரு பெட்டி. அக்கவுண்ட்ட தொறந்தா லிஸ்ட் நிக்கும். ஒவ்வொண்ணா மறுபடி இறக்கிக்கிடலாம், திரும்பக் காசு கெடையாது." நான் ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டேன். ஆறு வருஷம். ஆப்பிரிக்கா வரைக்கும் அம்பைத் துரத்தியிருக்கிறேன். உன் விளையாட்டெல்லாம் நம் வீட்டுக்கூரைக்கு மேலேயே நின்றிருக்கின்றன.

அக்கவுண்ட் எந்த மெயிலில் இருக்கிறது என்று டீச்சர் கேட்டார்கள். எனக்கெங்கே தெரியும்? உன் அம்மாவுக்குப் போன் போட்டேன். "நம்ம கடை மெயிலத்தான குடுத்தா. அப்ப அவளுக்குன்னு கார்டு ஏது, டியூஷன் காச ஒங்க கணக்குல போட்டுட்டு, உங்க கார்டு, உங்க மெயிலு. கப்பல்காரன் வெங்காய லிஸ்டுக்கு நடுவுல கேம் பில்லு வருதுன்னு நீங்கதான குதிச்சிய?" என்றாள். குதித்திருக்கிறேன், ஞாபகம் வந்தது. கடை மெயிலைத் திறந்து தேடினோம். வெங்காயம், உருளைக்கிழங்கு, ஆட்டுக்கால், முட்டைக்கோஸ் என்று ஆயிரக்கணக்கான கப்பல் லிஸ்டுகளுக்கு நடுவே, உன் பெயரில் வந்த பில்லெல்லாம் ஒன்றுகூட அழியாமல் கிடந்தன. முப்பத்தொன்று. பாஸ்வேர்டை மாற்றக் கேட்டதும் ஒரு எண் அதே மெயிலுக்கு வந்தது. டீச்சர் போடச் சொன்னபடி போட்டேன். திரையில் உன் பெயர் வந்து நின்றது. உன்னைக் கேட்காமல் உன் அலமாரியைத் திறந்த குற்றத்தையும் இங்கேயே ஒத்துக்கொள்கிறேன். புதுப் பாஸ்வேர்டை ஒரு கவரில் ஒட்டி உன்னிடம் கொடுத்தேனே, அதை உடனே மாற்றிவிடு. எனக்குத் தெரிந்த பாஸ்வேர்டு ஊருக்குத் தெரிந்த மாதிரி.

வீட்டில் ஒன்பது நாள் இறக்கினேன். என் வாழ்க்கையில் எத்தனையோ கப்பலுக்குச் சரக்கு ஏற்றியிருக்கிறேன், இப்படி ஒரு சரக்கு இறக்கியதில்லை. ஒரு கோடு இடமிருந்து வலமாக எறும்பு மாதிரி ஊரும். கரண்டு போகும், வரும், கோடு நின்ற இடத்திலிருந்தே ஊரும். கல்யாணப் பத்திரிகை கொடுக்கப் போன வீடுகளில் இருந்துகொண்டு அம்மாவுக்குப் போன் போட்டு, "எத்தன பெர்சென்ட்?" என்று கேட்பேன். "அறுவத்தி நாலு. அந்த வீட்டுல காபியாவது குடிச்சியளா?" என்பாள். பதினாலாவது விளையாட்டோடு இடமில்லை என்று பெட்டி சொல்லிவிட்டது. எனக்கு உயிரே போய்விட்டது. டீச்சருக்குப் போன் போட்டால், "வார்ஃபுல கட்ட இடமில்லன்னா வந்த கப்பல் என்ன அண்ணாச்சி செய்யும்?" என்றார்கள். வெளியே நங்கூரம் போட்டு நிற்கும். ஒன்றை அனுப்பிவிட்டு இன்னொன்றைக் கூப்பிட வேண்டியதுதான். அதற்குப் பிறகு எனக்குப் பயமே இல்லை. முப்பத்தொன்றையும் ஒவ்வொன்றாகக் கூப்பிட்டு, வருகிறதா என்று சோதித்து, அனுப்பிவைத்தேன். அந்தக் குதிரைக்காரி விளையாட்டு இப்போது கடையில் விற்பனைக்கே இல்லையாம். வேறு யாரும் இன்று வாங்க முடியாது. ஆனால் அன்று வாங்கிய உனக்கு அது உண்டு. அவள் மறுபடியும் பனிமலையில் வாளோடு வந்து நின்றபோது நான் எழுந்து நின்றேன், கனி. பெரியப்பா யாரும் வீட்டில் இல்லை, இருந்தாலும் எழுந்து நின்றேன்.

ஒன்று மட்டும் வரவில்லை. விளையாட்டு வந்தது, நீ ஆடிய ஆட்டம் வரவில்லை. ஒரு ஊரையே கட்டிக்கொண்டிருந்தாயே, துறைமுகம், கடைத்தெரு, மணிக்கூண்டு எல்லாம் வைத்து. அந்த ஊர் இப்போது வெறும் மணல். அது பெட்டிக்குள்ளேயே இருந்து, அன்றே அழிந்துபோனதாம். அதைத் திருப்பிக் கொடுக்க என்னால் முடியவில்லை. திரும்ப முதல் செங்கலிலிருந்து கட்ட வேண்டும். அது என் கணக்கில் கிடக்கட்டும்.

இனி முப்பத்தோராவதைச் சொல்கிறேன். மற்ற முப்பதுக்கும் பக்கத்தில், முன்னால் இறக்கப்பட்டது என்று ஒரு குறி இருந்தது. கடைசி ஒன்றுக்கு அந்தக் குறி இல்லை. வாங்கியிருக்கிறாய், ஒரு தடவைகூட இறக்கவில்லை. படத்தைப் பார்த்தேன். ஒரு பெரிய சரக்குக் கப்பல், முன்னால் இரண்டு இழுவைப் படகு. துறைமுகத்துக்குள் கப்பலைக் கொண்டுவந்து கட்டுகிற விளையாட்டு. பில்லில் தேதியைப் பார்த்தேன். நீ கோயம்புத்தூர்ப் பயிற்சியில் இருந்த இரண்டாவது வாரம். நான் பெட்டியைக் கப்பலேற்றி மூன்றாவது நாள். அந்த வாரம் நீ போனில், "எப்பா, கப்பலத் துறைமுகத்துக்குள்ள கொண்டுவார பைலட்டு எந்தப் பக்கமா ஏறுவாரு? கப்பலக் கட்டும்போது முன்கயிறு மொதல்லயா, பின்கயிறு மொதல்லயா?" என்றெல்லாம் கேட்டாய். பிள்ளைக்கு அப்பன் தொழில்மேல் ஆசை வந்துவிட்டது என்று நான் கடையில் பெருமை பேசிக்கொண்டிருந்தேன். எனக்கு வாங்கியிருக்கிறாய். என்னைச் சோபாவில் உட்காரவைத்து, கையில் அந்த ரிமோட்டைக் கொடுத்து, ஓட்டுங்கப்பா என்று சொல்ல வாங்கியிருக்கிறாய். வந்து பார்த்தால் டிவிக்கு அடியில் தூசிதான் இருந்தது. மைசூர்பாவைக் கொடுத்தாய். ஆறு வருஷத்தில் ஒரு வார்த்தை சொல்லவில்லை. உன் அம்மாவிடம் பில்லைக் காட்டினேன். அவள் படித்துவிட்டு, முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அந்த நாலு துண்டும் எப்படித்தான் இறங்குச்சோ ஒங்களுக்கு" என்றாள்.

அதை இறக்கினேன். ஆடினேன். ஆட வேண்டாமா? முப்பது வருஷமாக வார்ஃபில் நின்றுகொண்டு, "பைலட்டு சரியில்ல, இப்படியா ஒடிப்பான்?" என்று விமர்சனம் செய்தவன். முதல் தடவை அலைதடுப்புச் சுவரில் நேராகக் கொண்டுபோய் மோதினேன். இரண்டாவது தடவை என் இழுவைப் படகை நானே முக்கினேன். ஐந்தாவது தடவை வேறொருவன் கப்பலில் கொண்டுபோய்ச் செருகினேன். உன் அம்மா கல்யாணத்துக்குத் தாம்பூலப் பை மடித்துக்கொண்டே, "இதுக்குத்தான் முப்பது வருசமா துறைமுகத்துக்குப் போனியளா?" என்றாள். கல்யாணத்துக்கு மூன்று நாள் இருக்கும்போது, பட்டப்பகலில், பந்தல்காரர் வாசலில் கூப்பிடக் கூப்பிட, என் கப்பல் ஒரு கீறல் இல்லாமல் வார்ஃபில் அணைந்தது. முன்கயிறு, பின்கயிறு எல்லாம் கட்டியாயிற்று. நான் போட்ட சத்தத்தில் பந்தல்காரர் உள்ளேயே வந்துவிட்டார்.

அதற்கப்புறம் நடந்தது உனக்கே தெரியும், ஆனாலும் எழுதிவைக்கிறேன், இந்த மலரில் அது இருக்க வேண்டும். கல்யாணத்தன்று சீர்த்தட்டு வரிசையில் குத்துவிளக்குக்கும் வெள்ளிக் குடத்துக்கும் நடுவே உன் பெட்டியை வைத்தேன். அம்மா சந்தனம் வைக்க வந்தாள். "ஏளா, ஃபேன் ஓட்டையில வைக்காத, மேலாப்புல வை" என்று நான் போட்ட கத்தலில் மேளக்காரர் திரும்பிப் பார்த்தார். சுற்றிலும் ஒரு முழம் மல்லிகை. உன் மாமியார் ஒவ்வொரு தட்டாகப் பார்த்துக்கொண்டே வந்து அங்கே நின்றார்கள். பின்னால் அவர்கள் சொந்தக்காரர்கள் நாற்பது பேர். "அண்ணே, இது என்ன, செட்டாப் பாக்ஸா?" என்றார்கள். மேளம் அப்போதுதான் நின்றிருந்தது. பக்கத்து வீட்டுப் பயல் ஆறு வருஷம் கழித்து என் தொண்டைவரை வந்து நின்றான். விழுங்கிவிட்டுச் சொன்னேன். "இல்ல தங்கச்சி. கேம் ஆடுத பெட்டி. எம்மவளோடது. அவளே சம்பாதிச்சு வாங்குனது. முப்பத்தோரு ஆட்டம் இருக்கு. முப்பத்தொண்ணும் அவ பேர்லதான் இருக்கு." வரிசையில் கடைசி ஆள்வரைக்கும் கேட்கிற மாதிரிதான் சொன்னேன். துறைமுகத்துத் தொண்டை, அதற்கு மைக் வேண்டாம். உன் மாமியார் பெட்டியைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "எங்க டிவிக்குக் கீழ எடம் கெடக்கு. எங்கன வைக்கணும்னு அவளே வந்து சொல்லட்டும்" என்றார்கள். உன் மாமனார் எட்டிப் பார்த்து, "கிரிக்கெட்டு இருக்கா சம்பந்தி?" என்றார். சிரிப்பு எழும்பியது. போட்டோக்காரர் குனியச் சொல்லிக் குனிந்திருந்த நீ தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தாய். அந்தப் பார்வைக்கு நான் இன்னும் ஆறு கடலைச் சுற்றி வருவேன்.

அப்பன் என்கிற உரிமையில் இரண்டு வார்த்தை சொல்கிறேன். உனக்குப் பிடித்ததை யார் முன்னாலும் ஒளிக்காதே. ஒளித்து வாங்குகிற நல்ல பெயர் நாலு நாள்கூட நிற்பதில்லை, நான் ஜாதகத்தோடு பார்த்துவிட்டேன். யாராவது, அது உன் புருஷனாகவே இருந்தாலும், உன் பொருளை எடுத்துக் கொடுத்துவிட்டால், ஊர் சுற்றிப் பார்க்கட்டும் என்று சொல்லிவிட்டு மைசூர்பா கொடுக்காதே. கத்து. தட்டைப் போட்டு உடை. நீ அன்றைக்குக் கத்தியிருந்தால் நான் அன்றைக்கே திருந்தியிருப்பேன் என்று சொல்ல வந்தேன், எழுதும்போதே தெரிகிறது, அதுவும் பழியை உன்மேல் போடுகிற வேலைதான். நீ கத்தாவிட்டாலும் எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். மாப்பிள்ளையிடமும் இதைச் சொல்லிவை, கேட்காமலே தெரிந்துகொள்வது எப்படி என்று பழகட்டும். எனக்கு அது தெரிய ஐம்பத்தெட்டு வயது ஆயிற்று, அவருக்கு அவ்வளவு நாள் கொடுக்காதே.

சாயங்காலம் கார் கிளம்பும்போது அம்மா அழுதாள், உன் சித்திகள் அழுதார்கள், நான் கார்க் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். "வோல்டேஜ் பாத்து மாட்டு. மேல துணி போட்டு மூடாத. அங்கயும் உப்புக் காத்துதான், மாசம் ஒருக்க தொடச்சுரு" என்றேன். "சரிப்பா" என்றாய். வேறு என்னமோ சொல்ல வருகிறேன் என்று உனக்குத் தெரிந்தது, கொஞ்சம் காத்துக்கூட இருந்தாய். பின்னால் வேன்காரர் ஹார்ன் அடித்தார். கையை எடுத்துவிட்டேன்.

சொல்லாமல் விட்டது இதுதான். ஏளா, அந்தப் பெட்டிய மாட்டுனா, யாரு ஆடுதாவன்னு கேக்குற எடத்துல ஒம் பேருக்குக் கீழ ரெண்டாவதா 'அப்பா'ன்னு ஒரு பேரு வரும். என் கப்பல் அங்கன கட்டிக் கெடக்கு. அத அழிச்சிராத தாயி.